மைனஸ் இருபத்திரண்டில் இஸ்திரி போட்ட சட்டை

வளைகுடாவுக்கு ஆட்கள் வேலை தேடிப் போவார்கள், தங்கம் வாங்கப் போவார்கள், மகள் பிரசவத்துக்குப் போவார்கள். நான் குளிர் தேடிப் போனேன். அதுவும் ஜூலை மாதத்தில். விமானத்தில் பக்கத்து இருக்கைக்காரரிடம் இதைச் சொன்னபோது, அவர் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பித் தூங்கிவிட்டார். நீங்களும் அப்படிச் செய்துவிடக் கூடாது என்பதால் காரணத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

எனக்குக் காமிரா வேலை. சென்னையில் கல்யாணம், காதுகுத்து, கம்பெனி ஆண்டுவிழா எல்லாம் எடுத்து வாடகை கட்டிக்கொண்டு, மிச்ச நேரத்தில் ஆவணப்படம் எடுப்பவள். சென்னைக்கு வடக்கே கடல் அரித்துக்கொண்டு போகும் ஒரு குப்பத்தைப் பற்றி நான் எடுத்த சின்னப் படத்தை ஏதோ ஒரு விழாவில் ஹில்டா என்ற இயக்குநர் பார்த்திருக்கிறார். வடதுருவத்தில் கடல்பனி சுருங்கிக்கொண்டு வருவதைப் பற்றி அவர் ஒரு படம் செய்துகொண்டிருந்தார். இரண்டாவது காமிராவுக்கு வெயில் நாட்டுக் கடலோரத்து ஆள் ஒருவர் வேண்டும் என்பது அவருடைய ஆசை. பணம் போடுகிறவர்களுக்கோ சந்தேகம். மெட்ராஸ்காரி பனியில் நின்று காமிரா பிடிப்பாளா?

அதனால் ஒரு பரீட்சை வைத்தார்கள். மைனஸ் இருபதுக்குக் கீழே, தடித்த கையுறை போட்டுக்கொண்டு, கையால் ஃபோகஸ் செய்து, நடமாடும் மனிதர்களை நாற்பது நிமிடம் எடுத்து அனுப்ப வேண்டும். நடுவில் நிறுத்தவே கூடாது. ஒரு வெட்டு விழுந்தாலும் டேப் செல்லாது. வேறு இரண்டு பேரும் இதே பரீட்சை எழுதுகிறார்கள் என்று ஹில்டா ஒளிக்காமல் சொன்னார். பத்து வருடமாகக் கல்யாண மண்டபத்துப் பந்தியில் இலை இலையாகப் படம் பிடித்தவளுக்கு இப்படி ஒரு கதவு இனி எப்போது திறக்கும்? எனக்கு அந்த இடம் வேண்டும். வெறியோடு வேண்டும்.

சென்னையில் மூன்று குளிர்பதனக் கிடங்குகளுக்கு அலைந்தேன். இரண்டு இடத்தில் வாசல் காவலரைத் தாண்ட முடியவில்லை. மூன்றாவது இடத்தில் பத்து நிமிடம் தருவதாகச் சொன்னார்கள், அதற்குள் பால் வண்டி வந்துவிட்டது. கடைசியில் நினைவுக்கு வந்தவன் நஜ்முதீன். கல்லூரியில் எனக்குப் பின்பெஞ்சு, கீழக்கரைக்காரன். இப்போது ஷார்ஜா தொழில்பேட்டையில் தன் மாமாவின் உறைந்த மீன் வியாபாரத்தைப் பார்த்துக்கொள்கிறான். போன் போட்டேன்.

"குளிருதானே வேணும்? எங்கிட்ட நாலு ரூம் நிறைய இருக்கு. வா," என்றான்.

விசிட் விசாவை அவனே எடுத்து அனுப்பினான். மலிவு விமானத்தில் போகவர 13,400 ரூபாய். சென்னையிலிருந்து ஷார்ஜா நாலேகால் மணி நேரம். தண்ணீர்கூடக் காசு கொடுத்துத்தான் வாங்க வேண்டும், வீட்டிலிருந்து எலுமிச்சைச் சாதம் கட்டிக்கொண்டு போங்கள். காமிராப் பையைக் கைச்சாமானாகவே வைத்துக்கொள்ளுங்கள். சுங்கத்தில் ஒருவர் டேப்புகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, "சினிமா?" என்று கேட்டார். "மீன்," என்றேன். விட்டுவிட்டார்.

விமான நிலையத்துக்கு வெளியே காலடி வைத்ததும் என் மூக்குக்கண்ணாடி வெள்ளையாகிவிட்டது. உள்ளே ஏசி, வெளியே நாற்பத்து மூன்று டிகிரி, கூடவே கடற்கரை ஈரம். கண்ணாடியைத் துடைக்கத் துடைக்க மறுபடி புகை படர்ந்தது. ஆர்வக்கோளாறில் காமிராவை எடுத்து ஒரு காட்சி பிடிக்கப் பார்த்தேன். அதன் லென்ஸும் வெள்ளை. இதை நன்றாக நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேலை இருக்கிறது.

ரோலா பக்கம் நஜ்மு வீடு. டாக்ஸிக்கு முப்பத்தெட்டு திர்ஹம், ஒரு திர்ஹம் அப்போது சுமார் பதினோரு ரூபாய். அவன் மனைவி ரஹ்மத் வாசலிலேயே என் கையைப் பிடித்துக்கொண்டாள். "வாங்க லாத்தா, மொதல்ல குளிங்க. ஆனா பச்சத்தண்ணிக் குழாயத் தொறந்துடாதீங்க, வெந்துருவீங்க." அவர்கள் ஊரில் அக்காவை லாத்தா என்றுதான் கூப்பிடுவார்கள். மொட்டைமாடித் தொட்டி வெயிலில் கொதிப்பதால், வெந்நீர் ஹீட்டரை அணைத்துவிட்டு அதில் தேங்கி ஆறிய தண்ணீரைத்தான் குளிர்ந்த தண்ணீராகப் பயன்படுத்துகிறார்கள். உலகமே தலைகீழாக இருக்கும் ஊர் என்று அப்போதே புரிந்துவிட்டது.

துபாயில் ஒரு மாலுக்குள் பனிமலையே கட்டி வைத்திருக்கிறார்களே, அங்கே போகலாமே என்று சிலர் கேட்பீர்கள். போய்ப் பார்த்தேன். கண்ணுக்கு அழகு. ஆனால் உள்ளே மைனஸ் ஒன்று, இரண்டுதான், பெரிய காமிராவுக்கு அனுமதியும் கிடையாது. திரும்பி வரும்போது துபாய் - ஷார்ஜா சாலையில் இருபது கிலோமீட்டருக்கு இரண்டு மணி நேரம் ஆயிற்று. மாலைப் பொழுதில் அந்தச் சாலையில் ஏறாதீர்கள், சொல்லிவிட்டேன்.

மறுநாள் காலை நஜ்முவின் காரில் தொழில்பேட்டைக்குப் போனோம். ஒன்பது கிலோமீட்டர், ஐம்பது நிமிடம். இரண்டு பக்கமும் கராஜ்கள், டயர் கடைகள், கதவு பாதி இழுத்துவிட்ட கிடங்குகள். ஒரு முனையில் ஐம்பது ஃபில்ஸுக்கு, அதாவது அரை திர்ஹத்துக்கு, நல்ல சாயா கிடைக்கிறது. தொழிலாளர்கள் தங்கும் சோனாப்பூர் கேம்ப்பிலிருந்து ஆட்களை ஏற்றிவந்த கம்பெனி பஸ்கள் வரிசையாக நின்றன. தங்கள் கிடங்கின் பின்பக்கச் சந்தில் நஜ்மு காரை நிறுத்தினான். அங்கே குளிரூட்டும் யந்திரங்களின் பெரிய விசிறிகள் உள்ளே இருந்த சூட்டையெல்லாம் இழுத்து வெளியே கொட்டிக்கொண்டிருந்தன. அந்தக் காற்று முகத்தில் பட்டபோது நாற்பத்து மூன்று டிகிரி வெயிலே பரவாயில்லை என்று தோன்றியது.

"பனி கரையிதுன்னு படம் எடுக்கப் போற. அதுக்கு டிரெயினிங் எடுக்க வந்திருக்கிற எடத்தப் பாரு. இந்த விசிறி ஒரு நாளைக்கு வெளிய தள்ற சூட்டுல ஒரு ஊருக்கே சோறாக்கலாம்," என்று நஜ்மு சிரித்தான்.

"தெரியுதுல்ல? அப்புறம் எதுக்கு இந்த யாவாரம்?"

"நீ எதுக்கு பிளைட்ல வந்த?"

இந்த மாதிரிப் படம் எடுப்பவர்கள் எல்லோரும் ஒரு நாள் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி அது. அவன் அதைக் குத்திக்காட்டக் கேட்கவில்லை. போன வருடம் கோடையில் ஒரு நாள் மின்சாரம் போய், ஜெனரேட்டரும் மக்கர் செய்திருக்கிறது. கதவைத் திறந்தால் இருக்கிற குளிரும் போய்விடும் என்பதால், உள்ளே என்ன ஆகிறது என்று பார்க்கவும் முடியாமல், அவனும் வேலையாட்களும் மூடிய கதவுக்கு வெளியே அரை நாள் உட்கார்ந்திருந்தார்களாம். "உள்ள கரையிதா இல்லையான்னே தெரியாம உக்காந்திருந்தோம் பாரு, அதுதான் கொடும," என்றான். அதைச் சொல்லும்போது மட்டும் அவன் சிரிக்கவில்லை.

எனக்கு ஒதுக்கியது மூன்றாம் நம்பர் அறை. முந்தின நாள்தான் சரக்கு காலியாகி, ஓரங்களில் மட்டும் மீன் அட்டைப்பெட்டிகள் அடுக்கியிருந்தன. பத்து மணிக்குத் துறைமுகத்திலிருந்து கன்டெய்னர் வந்துவிடும், அதன்பிறகு கூரை வரை பெட்டிதான். மற்ற அறைகளில் ஆள் நுழையவே இடமில்லை. மறுநாள் எனக்குத் திரும்பும் விமானம். ஆக எட்டிலிருந்து பத்துக்குள் நாற்பது நிமிடம் எடுத்தாக வேண்டும், ஒரே வாய்ப்பு.

அறைக்கும் வெளிவாசலுக்கும் நடுவே ஒரு சின்ன முன்னறை உண்டு. அங்கே மிதமான குளிர். வேலையாட்கள் அங்கே நின்று பஞ்சு வைத்த கோட்டை மாட்டிக்கொண்டு உள்ளே போவார்கள், இருபது நிமிடம் போல வேலை செய்துவிட்டு வெளியே வந்து சுலைமானி என்ற பாலில்லாத தேநீர் குடிப்பார்கள், மறுபடி போவார்கள். அன்று அங்கே ஏழு பேர் இருந்தார்கள். எல்லோரும் நம் பக்கத்து ஆட்கள், புதுக்கோட்டை, ராமநாதபுரம் ஜில்லாக்கள். அவர்களில் மூத்தவர் வீரபாண்டி, அறந்தாங்கிக்குப் பக்கத்துக் கிராமம், நாற்பது வயதிருக்கும்.

"வாங்க மேடம். நாங்க எல்லாரும் ரெடி," என்றார்.

முன்னறை முழுக்க பவுடர் வாசனையும் அத்தர் வாசனையும். மீன் கிடங்கில் இது என்ன என்று ஒரு நிமிடம் யோசித்தேன். அதற்குள், குளிரில் சாகாமலிருக்க என் கோட்டுப் பைக்குள் வைத்திருந்த காமிரா பாட்டரியின் ஒயர் சிக்கிக்கொண்டது. யோசனை அத்தோடு போயிற்று. நஜ்மு துறைமுகத்தோடு போனில் மல்லுக்கட்ட மாடிக்குப் போய்விட்டான்.

உள்ளே போனேன். முதல் மூச்சிலேயே மூக்குமுடி விறைத்தது. பல் கூசியது. சுவரில் இருந்த வெப்பமானி மைனஸ் இருபத்திரண்டு காட்டியது. காமிராவின் சின்னத் திரை குளிரில் மந்தமாகி, ஆள் நகர்ந்த பிறகுதான் படம் நகர்ந்தது. அதை மூடிவிட்டு வியூஃபைண்டரில் கண்ணை வைத்து, எட்டு பத்துக்குச் சிவப்புப் பொத்தானை அமுக்கினேன்.

முதல் பத்து நிமிடம் நன்றாகவே போயிற்று. பெட்டி அடுக்கினார்கள், தள்ளுவண்டியை இழுத்தார்கள், நான் பின்னாலேயே போனேன். கையுறையோடு ஃபோகஸ் வளையத்தைத் திருப்புவது, சாக்கு கட்டிக்கொண்டு பூத்தொடுப்பது போல இருந்தது. ஆனாலும் வசப்பட்டுக்கொண்டு வந்தது.

அப்புறம்தான் அது நடந்தது. ஒருவர் வேலையை நிறுத்திவிட்டுக் கோட்டைக் கழற்றிப் பெட்டிமேல் போட்டார். உள்ளே கத்தி மாதிரி மடிப்பு விழ இஸ்திரி போட்ட இளநீலச் சட்டை. பையிலிருந்து சீப்பை எடுத்து ஒரு இழுப்பு. கறுப்புக் கண்ணாடி. காமிராவுக்கு நேரே வந்து விறைப்பாக நின்று, "அம்மா, நா நல்லாருக்கேன். தங்கச்சி கலியாணத்துக்கு லீவு கேட்டுருக்கேன், கெடச்சிரும், கவலப்படாதீய," என்றார். வாயிலிருந்து புகை புகையாக வந்தது.

முந்தின நாள் நஜ்மு அவர்களிடம் சொன்னது ஒரே வரி. ஊரிலிருந்து அக்கா வீடியோ எடுக்க வருகிறது, ரெடியாக இருங்கள். கேம்ப்பில் வீடியோ என்றால் ஒரே அர்த்தம்தான். லீவில் ஊருக்குப் போகிறவரிடம் கொடுத்தனுப்புவது, வீட்டுக்காரர்கள் கூடிப் பார்ப்பது. அதில் அழுக்குக் கோட்டோடு யார் நிற்பார்கள்? வெள்ளிக்கிழமை விடுமுறைக்கு மட்டும் போடும் சட்டையைக் காலையிலேயே இஸ்திரி போட்டு, கோட்டுக்குள் கசங்காமல் போட்டுக்கொண்டு வந்திருக்கிறார்கள்.

நிறுத்தி, இது வீட்டுக்குப் போகிற வீடியோ இல்லை என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. நிறுத்தினால் டேப் செல்லாது என்பது ஒரு பக்கம். இன்னொரு பக்கம், அந்த முகம் வியூஃபைண்டரில் அவ்வளவு கூர்மையாக இருந்தது. கண் இமையில் பனித்துகள், அம்மா என்று சொல்லும்போது உதடு கோணுவது. இதைவிட நல்ல ஃபோகஸ் பரீட்சை எனக்கு அமையாது. ஆளுக்கு இரண்டு நிமிடம்தானே, ஒன்றும் ஆகாது என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். ஒருவர் முடித்துக் கோட்டை மாட்டிக்கொள்ள, அடுத்தவர் கழற்றினார். ஆறு பேர் பேசினார்கள். ஒருவர் பெயர் வைக்காத பிள்ளைக்குப் பெயர் வைத்தார். ஒருவர் மாட்டை விற்க வேண்டாம் என்றார். எனக்கு உள்ளூரக் கொண்டாட்டம், வடதுருவம் கைக்கெட்டும் தூரத்தில் வந்துவிட்டது போல.

ஏழாவதாக வீரபாண்டி வந்தார். மூத்தவர் என்பதால் மற்றவர்களை முதலில் விட்டிருந்தார். ஃபோகஸை அவர் முகத்தில் வைத்ததும்தான் பார்த்தேன். முன்னறையில் தலையை நனைத்துப் படிய வாரிவிட்டு வந்திருக்கிறார், முடி வெள்ளையாக உறைந்து குச்சி குச்சியாக நின்றது. சட்டை கசங்கிவிடும் என்று கோட்டை வெளியிலேயே விட்டிருக்கிறார். அத்தனை நேரமும் அவர் வெறும் சட்டையில் பெட்டிகளுக்குப் பின்னால் நின்றிருக்கிறார், நான் கவனிக்கவே இல்லை.

"ரா..." என்றார். சிரிக்க முயன்றார். "ரா... ரா..."

மனைவி பெயரைச் சொல்ல வருகிறார், தாடை அசையவில்லை. பெயர் வரவில்லை என்று அவருக்கே தெரிந்து கண்ணில் ஒரு கலவரம் வந்தது. அவ்வளவும் எனக்குத் துல்லியமாகத் தெரிந்தது. என் வாழ்க்கையில் நான் செய்த மிகச்சிறந்த ஃபோகஸ் அதுதான்.

காமிரா ஓட ஓட வெளியே தூக்கிக்கொண்டு போக முடியாது. அந்த ஈரக்காற்று பட்டால் லென்ஸ் மட்டுமல்ல, உள்ளே டேப்பும் நனைந்து யந்திரம் பூட்டிக்கொள்ளும். அதை அப்படியே ஒரு மீன் பெட்டிமேல் வைத்தேன். பாட்டரி ஒயரைப் பிடுங்கிப் பாட்டரியையும் பக்கத்தில் போட்டேன், நல்லவேளை காமிராவின் சொந்த பாட்டரி பிடித்துக்கொண்டது. என் கோட்டைக் கழற்றி வீரபாண்டிமேல் போர்த்தி, இரண்டு கையாலும் தள்ளினேன்.

"எல்லாரும் வெளிய போங்க! அறிவிருக்கா உங்களுக்கு? எனக்குத்தான் இல்ல, உங்களுக்குமா இல்ல? வெளிய போங்கப்பா!"

முன்னறையில் உட்கார வைத்து, இரண்டு பேர் அவர் கைகளைத் தேய்த்தார்கள், நான் தலையைத் துவட்டினேன். ரஹ்மத் கொடுத்தனுப்பிய பிளாஸ்கில் சூடான டீ இருந்தது. இரண்டு மிடறு உள்ளே போனதும் அவர் வாயிலிருந்து தெளிவாக வந்த முதல் சொல் "ராசாத்தி". அதற்கு அவரே வெட்கப்பட்டுச் சிரித்தார்.

"ஒன்னும் இல்லக்கா. நீங்க போயி ஒங்க வேலையப் பாருங்க. நஜ்மு பாய் சொன்னாரு, இதுல பாஸானாத்தான் ஒங்களக் கூட்டிப் போவாகளாமே."

மேடம் அக்காவாகிவிட்டதை அப்போதுதான் கவனித்தேன். வேறொருவரின் கோட்டை வாங்கி மாட்டிக்கொண்டு உள்ளே ஓடினேன். காமிரா ஓடிக்கொண்டுதான் இருந்தது. ஆனால் முன்னறையில் புகை படர்ந்திருந்த என் மூக்குக்கண்ணாடி, உள்ளே வந்ததும் அப்படியே உறைந்துவிட்டது. கழற்றினால் எனக்கு எதுவும் தெரியாது, போட்டால் வெள்ளைத் திரை. மிச்ச நேரம் முழுக்கக் குத்துமதிப்பாகத்தான் ஃபோகஸ் செய்தேன். கோட்டு போட்டு வந்து எனக்காகப் பெட்டி அடுக்கிய இரண்டு பேரும் வெறும் நிழலாகத்தான் தெரிந்தார்கள். எட்டு ஐம்பதுக்கு நிறுத்தியபோது அழுகை வந்தது. இந்தக் குளிரில் கண்ணீர் வேறு உறைந்து தொலையுமே என்று அதையும் அடக்கிக்கொண்டேன்.

மீன் கட்டும் பெரிய பாலிதீன் பையில் காமிராவைப் போட்டு, உள்ளேயே வாயை இறுக்கிக் கட்டி, வெளியே கொண்டுவந்து ஆபீஸ் அறையில் வைத்தோம். அது மெல்ல அறைச் சூட்டுக்கு வந்து உலர மாலை நாலு மணி ஆயிற்று. டேப்பைப் பார்த்தேன். வெட்டு இல்லை. முதல் பாதி பிரமாதம். நடுவில் நாலு நிமிடம் ஒரு மீன் பெட்டியின் பக்கவாட்டு, பின்னணியில் என் கத்தல். கடைசிப் பகுதி மசமசவென்று. நஜ்முவிடம், "போச்சுடா," என்றேன். அவன் என்னைத் திட்டவில்லை, ஆறுதலும் சொல்லவில்லை. "நானும் தெளிவாச் சொல்லாம விட்டுட்டேன் கலா," என்றான். அப்புறம் இரண்டு பேரும் சேர்ந்து டீ குடித்தோம்.

டியூட்டி முடிந்து ஏழு பேரும் வெளியே வந்தார்கள். வீரபாண்டி பழையபடி தேறியிருந்தார், ஆனால் என் கண்ணைப் பார்க்கவில்லை. தன்னால் என் பரீட்சை கெட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தார். எனக்கு அது தாங்கவில்லை. புது டேப்பைப் போட்டேன். "வாங்க, உங்க வீட்டு வீடியோவ ஒழுங்கா எடுத்துரலாம். எங்க நிக்கிறீங்க?" என்றேன்.

ஒருவருக்கும் சந்தேகமே இல்லை. நஜ்முவின் வெள்ளைக் காருக்குப் பக்கத்தில்தான். பஸ் வருவதற்கு முன் அரைமணி நேரத்தில் ஏழு பேரையும் எடுத்தேன். ஐந்து மணி வெயில், பின்னால் கொதிக்கும் விசிறிகள். வீரபாண்டி கார் கதவில் ஒரு கையை வைத்துக்கொண்டு, முகமெல்லாம் வேர்வை வழிய, "ராசாத்தி, நா நல்லாருக்கேன். ஏசியிலதான் வேல. ஒரு கஷ்டமும் இல்ல," என்றார். இந்தத் தடவை பெயர் கணீரென்று வந்தது.

டேப்பை மறுநாளே கூரியரில் அனுப்பிவிட்டு ஊர் திரும்பினேன். இரண்டு வாரம் கழித்து ஹில்டா போன் செய்தார். நாலு நிமிடம் ஒரு மீன் பெட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தேனே, என்ன நடந்தது என்று கேட்டார். மறைக்காமல் சொன்னேன், இரண்டு நிமிடம்தானே என்று நான் எடுத்துக்கொண்டே போனதையும் சேர்த்து. மற்ற இரண்டு பேரின் டேப்பும் உன்னுடையதைவிடச் சுத்தம் என்றார். பிறகு சொன்னார், பனியில் நாம் ஆறு பேர்தான் இருப்போம், மருத்துவர் கிடையாது. ஒருவனுக்குப் பேச்சு குழறுவதை வியூஃபைண்டரில் பார்க்கிறவள், அடுத்து காமிராவைக் கீழே வைப்பாளா என்பதுதான் எனக்குத் தெரிய வேண்டியிருந்தது. உன் கண்ணாடிக்கு மட்டும் ஏதாவது வழி செய்.

வருகிற மார்ச்சில் கிளம்புகிறேன். கான்டாக்ட் லென்ஸ் போட்டுப் பழகிக்கொண்டிருக்கிறேன். ஆனால் அந்த இரண்டு நிமிடச் சமாதானம் இன்னும் உறுத்துகிறது. பனி உருகுவதைப் பற்றிப் படம் எடுக்கிறவர்களுக்கு இந்த ஆசை ஒரு வியாதி. கண்முன்னால் ஒன்று கெட்டுக்கொண்டிருக்கும்போது, எவ்வளவு கூர்மையாகப் பதிவாகிறது என்று சந்தோஷப்படுவது. குப்பத்துக் கடலரிப்பை எடுத்தபோதும் எனக்கு அது இருந்திருக்கிறது, பெயர் தெரியவில்லை, அவ்வளவுதான்.

இதே மாதிரிப் பயிற்சிக்குப் போக நினைக்கும் காமிராக்காரர்களுக்குச் சில வார்த்தைகள். முன்னறையில் பத்து நிமிடம் நின்று வேர்வை அடங்கிய பிறகே உள்ளே போங்கள், தலை ஈரமாக இருக்கவே கூடாது. காமிராவைக் குளிருக்குள்ளேயே பாலிதீன் பையில் கட்டிவிட்டுத்தான் வெளியே எடுக்க வேண்டும், அரைநாள் பிரிக்காதீர்கள். மீன் வாசனை போக ஒரு வாரம் ஆகும், கல்யாண வேலை ஏதும் ஒப்புக்கொள்ளாதீர்கள். சாப்பாடு, டாக்ஸி எல்லாம் சேர்த்து நாலு நாளுக்கு எனக்கு இருநூற்று எழுபது திர்ஹம் ஆயிற்று, தங்கும் செலவு ரஹ்மத்தின் புண்ணியத்தில் இல்லை. எல்லாவற்றுக்கும் மேலே, எதற்கு எடுக்கிறீர்கள், எங்கே போகப்போகிறது என்பதை எதிரே நிற்பவர்களிடம் முன்னாலேயே உட்கார்ந்து சொல்லிவிடுங்கள். ஒரு வரி போதாது.

வெளியே எடுத்த டேப்பை ஏழு சிடியாகப் போட்டு ஏழு வீட்டுக்கும் தபாலில் அனுப்பினேன், உள்ளே என் போன் நம்பரையும் எழுதி வைத்தேன். போன வாரம் அறந்தாங்கிப் பக்கத்திலிருந்து ஓர் அழைப்பு.

"அக்கா, நான் ராசாத்தி பேசுறேன். வீரபாண்டி வீட்ல. சிடி வந்துச்சுக்கா. நாலு தடவ போட்டுப் பாத்தாச்சு. ஒன்னு கேக்கணும், மறைக்காமச் சொல்லுங்க. அவுக ஏசியில வேலன்னுதான் எப்பவும் சொல்லுவாக. இதுல பாத்தா இப்புடி வேர்த்து ஊத்துதே. என்கிட்டப் பொய்யி சொல்றாகளா?"

"இல்லம்மா. நான்தான் வீடியோவுக்காக வெயில்ல நிக்க வச்சேன். அவரு வேல பாக்குறது உள்ளதான்."

"நீங்க உள்ள போயிப் பாத்தீகளா?"

"பாத்தேன்."

"குளுகுளுன்னு இருக்குமாக்கா?"

"இருக்கும்மா," என்றேன்.

"அப்பச் சரிக்கா. இன்னிக்குத்தான் எனக்கு மனசு ஆறுச்சு," என்றாள்.